காலக் கணக்கு: ராகுவுக்கு ஒன்றரை மணி நேரம்

எம். புதுப்பட்டி வட்டாரப் பட்டாசு ஆலைகளில் மருந்து கலக்குகிற வேலையை வெயில் ஏறுவதற்குள் முடித்துவிடப் பார்ப்பார்கள். சூடும் உராய்வும் சேர்ந்தால் அலுமினியப் பொடியும் வெடியுப்பும் யாரையும் கேட்காது. கலந்த மருந்தை மிச்சம் வைப்பதும் ஆபத்து. அந்த அறைக்கு நல்ல நேரம் என்றால் காலைக் குளிர்ச்சிதான். தினசரி காலண்டரோ வேறு சொல்லும்: திங்கட்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9 வரை. வியாழன் எமகண்டம் 6 முதல் 7.30 வரை.

அந்தக் காலண்டரும் பக்கத்துச் சிவகாசிச் சரக்குதான். 1923ல் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்று வந்தார்கள். தீப்பெட்டிக்கு லேபிள் வேண்டும், லேபிளுக்கு அச்சகம் வேண்டும்; அந்த வழியில் காலண்டரும் வந்து சேர்ந்தது. ஆடிப்பெருக்கன்று அடுத்த ஆண்டுக்கான காலண்டர் ஆல்பத்தை வெளியிடுவது இங்கே வழக்கம். புத்தாண்டுக்கு ஐந்து மாதம் இருக்கும்போதே ராகு காலம் தயார்.

தயாராக இருப்பதில் வியப்பில்லை. ராகு காலத்துக்கு வானத்தையே பார்க்க வேண்டாம். பகலை எட்டாகப் பங்கு போட்டு, கிழமைக்கு ஒரு பங்கை ராகுவுக்கு ஒதுக்கிவிட்டார்கள், அவ்வளவுதான். வானியலில் ராகு என்பது சந்திரனின் பாதை சூரியனின் பாதையை வெட்டும் ஒரு புள்ளி, ஏறத்தாழ 18.6 ஆண்டுகளில் ஒரு சுற்று வரும். அந்தப் புள்ளி இன்று எங்கே நிற்கிறது என்று ராகு காலம் விசாரிப்பதே இல்லை.

எட்டுப் பங்கு என்ற விதியையாவது ஒழுங்காகக் கடைப்பிடிக்கிறோமா? சூரியன் தினமும் ஆறு மணிக்கு உதித்து ஆறு மணிக்கு மறைவதாக வைத்துக்கொண்டு போட்ட அட்டவணைதான் அச்சாகிறது. சிவகாசியில் ஜனவரி கடைசியில் உதயம் 6.40ஐத் தாண்டிவிடும். அந்தத் திங்கட்கிழமை ராகு காலம் 8.10 வாக்கில்தான் தொடங்க வேண்டும். நம்புகிறவர்கூட நாற்பது நிமிடம் முன்கூட்டியே பயப்படுகிறார்.

ஆனால் அதே தாளில் இருக்கும் திதியும் கிரகணமும் அப்படி விளையாட்டாகப் போட்டவை அல்ல. அறிஞர்களை இழுத்தது அந்தப் பகுதிதான். சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய ஜான் வாரன் 1825ல் 'கால சங்கலிதா' என்ற நூலை வெளியிட்டார். புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் ஒருவர் தரையில் சோழிகளைப் பரப்பி, 'வாக்கியம்' எனப்படும் மனப்பாடச் சொற்களில் இருந்த எண்களை நினைவிலிருந்தே எடுத்து, சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டியதை அவர் பதிவு செய்திருக்கிறார். கணித்தவருக்கு அதன் பின்னால் இருந்த கோட்பாடு எதுவும் தெரியாது. இருந்தும் அந்த ஆண்டு மே 31 இரவுக் கிரகணத்தின் தொடக்கத்தில் பிழை 4 நிமிடம்தான். நடுப்பகுதியில் 23, முடிவில் 52 நிமிடம் தவறியது. தாளும் மையும் இல்லாமல் போட்ட கணக்குக்கு இது சாதாரணமில்லை.

வானியல் வரலாற்றறிஞர் ஓட்டோ நாய்கபவர் 1952ல் இந்தத் தமிழ் முறையை எடுத்து ஆராய்ந்தார். 248 நாளுக்கு ஒருமுறை சந்திரனின் வேகம் பழைய நிலைக்குத் திரும்பும் என்ற அதே கணக்கு பாபிலோனிய மரபிலும் இருந்ததை அவர் சுட்டிக்காட்டினார். 1962ல் குப்பண்ண சாஸ்திரியும் கே.வி. சர்மாவும் இம்முறையின் மூலநூலான 'வாக்கியகரண'த்தைச் சென்னையில் பதிப்பித்தார்கள். இவர்களுக்கெல்லாம் முன்பே எல்.டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை, 700 முதல் 1799 வரையிலான ஆண்டுகளுக்குத் திதி, நட்சத்திர அட்டவணை போட்டு 1922ல் கொடுத்துவிட்டார். கல்வெட்டில் கிழமையும் திதியும் நட்சத்திரமும் இருந்தால், அது எந்த ஆங்கிலத் தேதி என்று பிடித்துவிடலாம். நல்ல நாள் பார்த்துத் தானம் கொடுத்த அரசர்கள் வரலாற்றுக்குச் செய்த உபகாரம் இது.

வாக்கிய முறை இன்றும் உயிரோடுதான் இருக்கிறது. நவீன வானியல் திருத்தங்களை ஏற்ற திருக்கணிதப்படி சனி கும்பத்துக்குப் போனது 2023 ஜனவரி 17. வாக்கியப்படி டிசம்பர் 20. திருநள்ளாறு கோயில் பின்பற்றுவது வாக்கியத்தை. கூட்டம் திரண்டதும் டிசம்பரில்தான். ஒரே சனிக்கு ஒரே ஆண்டில் பதினோரு மாத இடைவெளியில் இரண்டு பெயர்ச்சி.

(தொடரும்)