சிவப்புத் தலைக்காரனும் எங்க மாமாவும்

எங்கள் வீட்டுப் பரணில் 430 காசெட் இருக்கிறது. 'அடேங்கப்பா, பெரிய ரசிகர் போலிருக்கே' என்று அவசரப்பட்டு நினைத்துவிடாதீர்கள். அத்தனையும் ஒரே காசெட்! தலைப்பு: 'அர்ச்சுனன் தபசு'. பாடியவர்: என் தாய்மாமா. வெளியீடு: அடியேன். முதலீடு: என் பி.எஃப். லோன்.

1994-ல் 500 போட்டேன். போணியானது 70. அதிலும் அறுபது, கல்யாண வீடுகளில் மொய்க் கவரோடு சேர்த்துத் தள்ளிவிட்டது. காசு கொடுத்து வாங்கிய பத்துப் புண்ணியவான்கள் செங்கல்பட்டு பஸ் ஸ்டாண்டில் ரொம்ப நாளைக்கு என்னைப் பார்த்தால் வேறு பஸ்ஸில் ஏறிக்கொண்டிருந்தார்கள்.

மாமாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். திருக்கழுக்குன்றம் பக்கத்துக் கிராமம். கூத்து வாத்தியார். பங்குனி பிறந்துவிட்டால் ஆள் வீட்டில் தங்கமாட்டார். எந்த ஊர் திரௌபதி அம்மன் கோயிலில் பாரதம் நடக்கிறதோ அங்கே இருப்பார். அவர் பேர் வாங்கியது அர்ச்சுனன் வேஷத்தில். தபசுக் கூத்து பார்த்திருக்கிறீர்களோ? உயரமான பனைமரத்தை நட்டு, படி கட்டி, உச்சியில் சின்னதாகப் பரண் போட்டிருப்பார்கள். அர்ச்சுனன் ஒவ்வொரு படிக்கும் ஒரு பாட்டுப் பாடிக்கொண்டே ஏறணும். மேலேயிருந்து எலுமிச்சம்பழமும் பூவும் விபூதியும் எறிவார். கீழே குழந்தையில்லாத பெண்கள் மடியேந்திக் காத்திருப்பார்கள். அந்த உச்சியிலிருந்து மைக் இல்லாமல் மாமா எடுக்கிற விருத்தம் அடுத்த ஊர் ஏரிக்கரை வரைக்கும் கேட்கும்.

மாமல்லபுரத்துப் பாறையில் ஒற்றைக் காலில் நிற்கிறாரே, அவர் அர்ச்சுனனா பகீரதனா என்று ஆராய்ச்சியாளர்கள் அடித்துக்கொள்கிறார்கள். மாமாவுக்கு அந்தச் சந்தேகமே வந்ததில்லை. "பகீரதனுக்குப் பாட்டு எங்கடா கீது?" என்பார். கேஸ் முடிந்தது.

இப்படிப்பட்ட குரலைத்தான் சென்னையில் ஒரு ரிகார்டிங் ஸ்டூடியோவுக்கு அழைத்துப் போனேன். ஒரு கால்ஷீட். மாமா பட்டு வேட்டி, சந்தனம், கூடவே முகவீணைக்காரர் ஒருத்தர். முகவீணையைப் பார்த்ததுமே சவுண்டு தம்பி சிரித்துவிட்டார். "அதெல்லாம் வேணாம் சார், கீபோர்டுலயே நாயனம் இருக்கு." முகவீணைக்காரர் வெளியே பெஞ்சில் உட்கார்ந்து எட்டு டீ குடித்தார்.

மாமா வாயைத் திறந்ததும் மீட்டர் முள் சிவப்புக்குப் போய் ஒட்டிக்கொண்டது. "பெரியவரே, ரெண்டடி பின்னால போங்க." போனார். "இன்னும் ரெண்டடி." போனார். கடைசியில் கதவோரம் நின்று, முழங்காலில் தாளம் போட்டபடி, பயந்து பயந்து பாடினார். அப்புறம் ரிதம் பேடு, கோரஸ், எக்கோ. ராத்திரி முழுக்க ஆடுகிற கதை ஏ சைடு முப்பது நிமிஷம், பி சைடு முப்பது நிமிஷமாக வெட்டுப்பட்டது.

காசெட் வந்ததும் மாமாவுக்குப் போட்டுக் காட்டினேன். முழுசாகக் கேட்டார்.

"நல்லா கீது மாப்ளே. யாரு பாடறது?"

கிண்டல் இல்லை. நிஜமாகவே கேட்டார்.

இரண்டு வருஷம் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆபீஸ் நண்பனோடு மாமல்லபுரம் போயிருந்தேன். ஒத்தவாடைத் தெருவில் வெள்ளைக்காரர்களுக்காக நடக்கிற ஓட்டல் ஒன்றில் காபி. (விலையைக் கேட்டதும் ஒன்றை இரண்டாகப் பங்கு போட்டோம்!) பக்கத்து டேபிளில், கல் சிற்பம் கற்றுக்கொள்ள வந்த தாடிக்காரர் ஒருத்தர் டேப் ரிகார்டரில் பாட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார். மூக்கால் பாடுகிற மாதிரி ஒரு குரல். கூட ஒரு கிடார். பாதி நேரம் அதுவும் இல்லை. பாட்டு புரியவில்லை. ஆனால் யாரோ கயிற்றுக் கட்டிலில் நம் பக்கத்தில் உட்கார்ந்து கதை சொல்வது போல இருந்தது. "இது யார் சார்?" என்றேன், என் செங்கல்பட்டு இங்கிலீஷில். "வில்லி நெல்சன்!" என்றார். அதிகம் கேட்டால் காபி வாங்கித் தரச் சொல்வாரோ என்று அத்தோடு விட்டேன். மற்ற விவரமெல்லாம் அப்புறம் தேடிப் படித்தது.

அது கன்ட்ரி மியூசிக். அமெரிக்காவின் தெம்மாங்கு என்று வைத்துக்கொள்ளுங்கள். (நம்ம நாட்டிலும் ஆள் உண்டு. டேராடூன்காரர் பாபி கேஷ் ஆஸ்திரேலியாவின் டாம்வொர்த் விழா வரைக்கும் போய்ப் பாடி, 2004-ல் 'கவ்பாய் அட் ஹார்ட்' என்று ஆல்பமே போட்டார்.) அதற்குத் தலைநகரம் நாஷ்வில். 1960-களில் அங்கே ஒரு வழக்கம். பாடகர் வந்து பாடுவார், அதன்மேல் வயலின் கூட்டத்தையும் கோரஸையும் கொட்டி மெழுகிவிடுவார்கள். வில்லிக்கும் அதே கதிதான். அவர் எழுதிய 'க்ரேஸி' பாட்டு 1961-ல் பேட்ஸி க்ளைன் பாடி ஓஹோவென்று ஓடியது. அவரே பாடியவை அவ்வளவாக ஓடவில்லை. வெறுத்துப்போய், பெட்டி படுக்கையோடு சொந்த மாநிலமான டெக்ஸாஸுக்கே திரும்பிவிட்டார்.

பிறகு கொலம்பியா கம்பெனியோடு ஒப்பந்தம். அதில் மனுஷன் ஒரு ஷரத்து வைத்தார் பாருங்கள்: ஆல்பம் எப்படி இருக்கணும் என்பது என் இஷ்டம்! 1975 ஜனவரியில், டெக்ஸாஸில் கார்லண்ட் என்ற ஊரில் ஒரு ஸ்டூடியோ. பியானோவுக்கு அக்கா பாபி, மவுத் ஆர்கனுக்கு மிக்கி ரஃபேல், எல்லாம் கூடவே ஊர் ஊராகச் சுற்றும் சொந்த கோஷ்டி. வில்லி கையில் 'ட்ரிக்கர்' என்று அவரே செல்லப்பெயர் வைத்த கிடார். தேய்ந்து ஓட்டை விழுந்தும் அதை மாற்றவில்லை. சில நாளில் வேலை முடிந்தது. செலவு சுமார் 4,000 டாலர். ஆல்பத்தின் பெயர் 'ரெட் ஹெடட் ஸ்ட்ரேஞ்சர்'. சிவப்புத் தலைமுடிக்காரன் ஒருத்தனின் கதை. ஓடிப்போன மனைவியையும் அவள் காதலனையும் சுட்டுவிட்டு, குதிரையில் ஊர் ஊராக அலைகிற ஒரு போதகர். முதல் பாட்டிலிருந்து கடைசி வரை ஒரே கதை. சுருக்கமாக, கூத்து!

டேப்பைக் கேட்ட கம்பெனிக்காரர்கள் இது வெறும் 'டெமோ', இனிமேல்தான் நிஜ ரிகார்டிங் செய்யப்போகிறார் என்றே நினைத்தார்களாம். ஆனால் ஷரத்து ஷரத்துதானே? அப்படியே வெளியிட்டார்கள். அதிலிருந்த 'ப்ளூ ஐஸ் க்ரையிங் இன் த ரெயின்', ஃப்ரெட் ரோஸ் எழுதி 1940-களில் ராய் ஏக்கஃப் பாடிய பழைய பாட்டு. வில்லி பாடியதும் கன்ட்ரி பட்டியலில் முதலிடம். பாடகராக அவருக்கு அதுதான் முதல் நம்பர் ஒன். கிராமி விருதும் வந்தது. ஆல்பமும் பத்து லட்சத்தைத் தாண்டி விற்றது. 2025-ல் 92 வயதிலும் மேடையேறிக்கொண்டிருந்தார் மனுஷன்.

நம்ம ஊரில் இது தெரியாமலில்லை. கொல்லங்குடி கருப்பாயியை ரேடியோவில் கேட்டவர்களுக்குத் தெரியும், அந்தக் குரலுக்குப் பக்கவாத்தியமே அதிகப்படி. 1985-ல் 'ஆண்பாவம்' படத்தில் நடிக்கவும் பாடவும் வைத்தபோது அந்த மண் வாசனையோடுதான் வந்தார். 2025-ல் 99 வயதில் மறைந்தார். மதுரையில் விஜயலட்சுமி நவநீதகிருஷ்ணன் தம்பதி ஊர் ஊராகப் போய்ப் பாட்டுச் சேகரித்து, காசெட்டும் போட்டார்கள். விஜயலட்சுமிக்கு 2018-ல் பத்மஸ்ரீ. கே.ஏ. குணசேகரன் 'மனுசங்கடா' என்று எடுத்தால் கீபோர்டெல்லாம் எங்கே நிற்கும்? இவர்கள் காசெட்டெல்லாம் அன்றைக்கும் கடையில் கிடைத்ததுதான். நான்தான் ஒன்றையாவது ஒழுங்காகக் கேட்டுவிட்டு ஸ்டூடியோவுக்குப் போகவில்லை.

'அடுத்த பங்குனிக்கு ஒரு நல்ல டேப் ரிகார்டரோடு போய், தபசு மரத்தடியிலேயே உட்கார்ந்து பிடித்துவிடணும்' என்று ஒவ்வொரு வருஷமும் நினைப்பேன். பங்குனி என்றால் மார்ச். ஆபீஸில் மார்ச் என்றால் என்ன என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. லீவு கிடைத்த வருஷம் மாமாவுக்கு முட்டி வலி, மரம் ஏற முடியவில்லை. 2003-ல் போய்ச் சேர்ந்துவிட்டார்.

காரியம் முடிந்த ராத்திரி, அத்தைக்காக அந்தக் காசெட்டைப் போட்டோம். கீபோர்டு நாயனம், எக்கோ, எல்லாம் ஓடி முடிந்தது. அணைக்க யாருக்கும் தோன்றவில்லை. உஸ்ஸென்று வெறும் டேப் ஓடிக்கொண்டிருந்தது.

திடீரென்று ஒரு செருமல். பிறகு "இங்க நின்னா போதுமா தம்பி?" என்று மாமாவின் குரல். தொடர்ந்து தாளம் இல்லை, ஒன்றும் இல்லை, விருத்தம் மட்டும். அந்தப் பழைய விருத்தம். நாற்பது விநாடி இருக்கும். "பெரியவரே, ரெண்டடி பின்னால போங்க" என்ற சத்தத்தோடு கட். மைக் சரிபார்க்கப் பாடவிட்டதை அழிக்க மறந்துவிட்டார்கள்!

ஒன்பது வருஷமாக 500 காசெட்டிலும் அது இருந்திருக்கிறது. யாரும் கடைசி வரைக்கும் ஓடவிட்டதில்லை, நான் உட்பட.

அத்தை, "இன்னொரு வாட்டி போடுடா" என்றாள். பென்சிலை விட்டுச் சுற்றினேன்.