பாலாற்றுக் கால்வாய்களின் வழக்கு

ஓர் ஊரின் யோக்கியதையை அறிய விரும்புவோர் அதன் கோபுரத்தைப் பார்க்க வேண்டியதில்லை. அதன் கால்வாயில் ஓடுவது என்னவென்று பார்த்தால் போதும். 16-ஆம் நூற்றாண்டில் எழுந்த வேலூர்க் கோட்டையின் அகழிக்குச் சூரியகுண்டா ஏரியிலிருந்து பூமிக்கடியில் கால் அமைத்து நீர் கொணர்ந்தனர் நம் முன்னோர். ஜலமே கோட்டைக்குக் காவல் என்பதை அவர்கள் அறிந்திருந்தனர்.

பாலாறு ஆண்டில் சில நாட்களே பெருகும் ஆறு. அதன் செல்வம் மணலுக்கு அடியில் இருக்கிறது. ஆகையால் விவசாயிகள் ஆற்று மணலில் ஊற்றுக்கால் வெட்டி, ஏரிக்கும் வயலுக்கும் நீரைத் திருப்பினர். வாணியம்பாடியும் ஆம்பூரும் ராணிப்பேட்டையும் அந்த நீரால் வாழ்ந்த ஊர்களே. ஆவாரம்பட்டையைக் கொண்டு தோல் பதனிட்ட தொழிலும் அதே நீரை நம்பியே வளர்ந்தது. பின்னர் குரோம் முறை வந்தது. ஒரு கிலோ தோலைப் பதனிட ஏறக்குறைய 35 லிட்டர் நீர் செலவாகிறது. உப்பும் ரசாயனமும் ஏறிய அந்நீர் கால்வாய்களிலும் வயல்களிலும் விடப்பட்டது. தோல் தொழில் நடக்கும் பிரதேசத்தில் சுமார் 35,000 ஹெக்டேர் நிலம் ஓரளவோ முழுவதுமோ சாகுபடிக்கு உதவாமற் போனதென்று வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் ஆராய்ச்சி நிலையம் கண்டது.

வேலூர்க் குடிமக்கள் நல மன்றம் 1991-இல் தொடுத்த வழக்கில், 1996 ஆகஸ்ட் 28-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட் தீர்ப்பளித்தது. கெடுத்தவனே ஈடு செய்ய வேண்டும் என்பது இந்நாட்டின் சட்டம் என்று நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான அமர்வு பிரகடனம் செய்தது. தேசமெங்கும் மேற்கோள் காட்டப்படும் தீர்ப்பு அது. ஆயினும் பாலாற்றங்கரைக்கு அதனால் பூரண பரிகாரம் கிடைத்ததா? 2025 ஜனவரி 30-இல் அதே கோர்ட் மீண்டும் நஷ்ட ஈட்டுக்கு உத்தரவிட்டு, மேற்பார்வைக் குழுவும் அமைக்கச் சொல்ல நேர்ந்தது. முதல் தீர்ப்பின் நாளில் பிறந்த குழந்தைக்கு அன்று வயது 28!

தொழிலை மூடுக என்று நாம் சொல்லவில்லை. ஆயிரக்கணக்கான தொழிலாளர் குடும்பங்களின் அடுப்பு அதனால் எரிகிறது. ஆனால் குடியானவன் அடுப்பை அணைத்துத் தொழிலாளி அடுப்பை எரிப்பது தர்மமாகாது. பொதுச் சுத்திகரிப்பு நிலையம் இருக்கிறதென்று சொன்னால் மட்டும் போதாது. நீரில் கரைந்த உப்பைச் சாதாரணச் சுத்திகரிப்பு நீக்காது. உப்பைப் பிரித்து, நீரைத் தொழிலுக்கே திருப்பும் முறை எல்லா இடங்களிலும் ஒழுங்காக நடைபெற வேண்டும். அதன் அளவுகளை ஊர்தோறும் தமிழில் எழுதி வைக்க வேண்டும்.

சட்டம் இருக்கிறது, தீர்ப்பும் இருக்கிறது. இல்லாதது கேட்கும் ஜனங்களின் இடைவிடாத குரலே. அடுத்த கிராம சபையில் அக்குரல் எழட்டும்.