பி.எட். சேர்க்கையில் நீதிமன்றம் எதுவரை துணை நிற்கும்?

கேரளத்தின் மட்டாஞ்சேரியில் மலையாளத்தோடு கொங்கணி, குஜராத்தி, தமிழ் எல்லாம் அடுத்தடுத்த தெருக்களில் கேட்கும். ஆசிரியர் பயிற்சிக் கல்லூரிகளின் சேர்க்கைச் சட்டத்தைப் புரிந்துகொள்ள இது பொருத்தமான ஊர். மதச் சிறுபான்மையினரைப் போலவே மொழிச் சிறுபான்மையினரும் சொந்தமாகக் கல்வி நிலையம் நடத்த அரசியலமைப்பின் 30ஆவது பிரிவு உரிமை தருகிறது. சிறுபான்மை யார் என்பதை மாநில வாரியாகத்தான் பார்க்க வேண்டும் என்று 2002இல் டி.எம்.ஏ. பாய் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 11 நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. அதன்படி தமிழ்நாட்டில் பெரும்பான்மையாக இருக்கும் தமிழர்களாகிய நாம் கேரளத்தில் சிறுபான்மை.

இந்த உரிமைக்கு எல்லை உண்டு. அதைச் சொல்ல வைத்ததும் கேரளம்தான். நம்பூதிரிபாடு அரசின் கல்வி மசோதா குறித்துக் குடியரசுத் தலைவர் கருத்துக் கேட்டபோது, நிர்வகிக்கும் உரிமை என்பது சீர்கெட நிர்வகிக்கும் உரிமை ஆகாது என்று 1958இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

சேர்க்கையை நேரடியாகக் கண்காணிக்கும் ஏற்பாடு 2003இல் இஸ்லாமிக் அகாடமி வழக்கில் வந்தது. ஒவ்வொரு மாநிலத்திலும் ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் இரண்டு குழுக்கள்: ஒன்று நுழைவுத் தேர்வைக் கவனிக்கும், மற்றொன்று கட்டணத்தை. கேரளத்தில் இந்தப் பணி உச்ச நீதிமன்ற முன்னாள் நீதிபதி கே.டி. தாமஸிடம் வந்தது. 2005இல் இனாம்தார் வழக்கில் 7 நீதிபதிகள் அமர்வு, அரசு உதவி பெறாத கல்லூரிகளில் அரசு தன் ஒதுக்கீட்டைத் திணிக்க முடியாது என்றது. ஆனால் சேர்க்கை வெளிப்படையாக, தகுதி அடிப்படையில் நடக்க வேண்டும், நன்கொடை வாங்கக் கூடாது என்பதில் அது விட்டுக்கொடுக்கவில்லை. இவை பெரும்பாலும் மருத்துவ, பொறியியல் கல்லூரிகளை மனத்தில் வைத்துப் பேசப்பட்டவை.

ஆசிரியர் பயிற்சியில் சிக்கல் வேறு விதமானது. அங்கீகாரமே இல்லாத நிலையம் மாணவர்களைச் சேர்த்துக்கொள்ளும். தேர்வு நெருங்கும்போது, "பிள்ளைகள் எதிர்காலம் என்ன ஆவது?" என்று நீதிமன்றக் கதவைத் தட்டும். 1986இல் ஆந்திரத்தின் நாகேஸ்வரம்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு இணங்கவில்லை. சரியான பயிற்சி இல்லாதவர்களைச் சின்னக் குழந்தைகளிடம் ஆசிரியர்களாக அனுப்ப முடியாது என்றது. தமிழ்நாட்டின் செயிண்ட் ஜோசப் ஆசிரியர் பயிற்சி நிலைய வழக்கில், மனிதாபிமான அடிப்படையில் மாணவர்களைத் தேர்வெழுத விடும்படி சென்னை உயர் நீதிமன்றம் சொன்னதையும் 1991இல் ரத்து செய்தது. கடுமையான முடிவுதான். ஆனாலும் அது சரி என்றே நினைக்கிறேன். வகுப்பறையில் உட்காரப்போகும் குழந்தைக்கு வாதாட அந்த வழக்கில் வேறு யாரும் இல்லை.

நோய் எவ்வளவு பரவியிருந்தது என்பதை வர்மா ஆணையம் காட்டியது. மகாராஷ்டிரத்தின் 291 கல்லூரிகள் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 2011இல் நீதிபதி ஜே.எஸ். வர்மா தலைமையில் அதை அமைத்தது. அவற்றில் பெரும்பாலானவை அங்கீகாரத்துக்குத் தகுதியற்றவை என்று ஆணையம் கண்டது. சேரும் முன்பே மாணவர்களுக்குத் தகுதித் தேர்வு வைக்க வேண்டும் என்றும் 2012இல் பரிந்துரைத்தது.

தேசிய ஆசிரியர் கல்விக் கவுன்சில் சட்டத்தின் 17ஆவது பிரிவுப்படி, அங்கீகாரம் ரத்தான பிறகும் ஒரு கல்லூரி படிப்பை நடத்தினால் அங்கே பெறும் பட்டம் அரசு வேலைக்கும் அரசு உதவி பெறும் பள்ளி வேலைக்கும் செல்லாது. கட்டிய பணமும் போன ஆண்டுகளும் மாணவர் தலையில்தான் விடியும். எர்ணாகுளத்தில் உயர் நீதிமன்றம் இருந்தும், அங்கே போய்ச் சேரும் நேரத்தில் பெரும்பாலும் பாதிப் படிப்பு முடிந்திருக்கும்.

அதனால் கண்காணிப்பு சேர்க்கைக்கு முன்பே நடக்க வேண்டும். அங்கீகரித்த இடங்கள் எத்தனை, தரவரிசையில் யார் யார் என்பதைப் பல்கலைக்கழகங்கள் முதல் நாளே வெளியிடட்டும். மேனேஜ்மெண்ட் கோட்டாவுக்கும் அதே விதி பொருந்தட்டும். பெற்றோரே, மாணவர்களே, பணம் கட்டும் முன் கவுன்சிலின் அங்கீகார ஆணையையும் பல்கலைக்கழக இணைப்பு ஆணையையும் கேட்டு வாங்கிப் படியுங்கள். காட்டத் தயங்கும் கல்லூரியில் சேராதீர்கள்.