வீடு ஏலத்துக்கு வந்தால் எங்கே முறையிடுவது?

வங்கிக் கடன் தவணை 90 நாட்களுக்கு மேல் நிலுவையில் நின்றால், அந்தக் கணக்கு வாராக்கடனாகிவிடும். அதன்பின் கோர்ட் படி ஏறாமலே அடமானச் சொத்தைக் கையகப்படுத்தி விற்க, 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டம் வங்கிக்கு அதிகாரம் தருகிறது. எனவே, தவறு நடந்தால் நியாயம் தேடிப் போக வேண்டியவர் கடன் வாங்கியவர்தான். எங்கே, எத்தனை நாட்களுக்குள் என்பது தெரியாமலே பலர் வீட்டை இழக்கிறார்கள்.

முதலில் வருவது 60 நாள் அவகாச நோட்டீஸ். பதிவுத் தபாலை வாங்க மறுத்தால் நோட்டீஸே வரவில்லை என்று ஆகிவிடாது. கணக்கில் பிழை இருந்தாலோ, கட்டிய பணம் வரவு வைக்கப்படாமல் இருந்தாலோ எழுத்து மூலம் ஆட்சேபம் தெரிவியுங்கள். வங்கி 15 நாட்களுக்குள் காரணத்துடன் பதில் தர வேண்டும். அந்தப் பதிலை மட்டும் எதிர்த்து வழக்குப் போட முடியாது; ஆனால் பின்னால் அது முக்கிய ஆவணமாகும்.

அடுத்து, சுவாதீன அறிவிப்பை வாசலில் ஒட்டுவார்கள்; இரண்டு நாளிதழ்களிலும் வெளியிடுவார்கள். சட்டத்தின் கதவு திறப்பது இங்கேதான். 17-ஆம் பிரிவின்படி 45 நாட்களுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனு போடலாம். தமிழ்நாட்டில் இது சென்னை, கோவை, மதுரையில் இருக்கிறது. கடன் வாங்கியவர் மட்டுமல்ல, ஜாமீன் கையெழுத்துப் போட்டவர், வாடகைதாரர் போன்ற பாதிக்கப்பட்ட எவரும் முறையிடலாம்.

அங்கே எடுபடுபவை குறிப்பான குறைகளே. 60 நாள் முடியும் முன்பே சுவாதீனம் எடுத்தார்களா? முதல் ஏலத்துக்கு முன் 30 நாள் அவகாசம் தந்தார்களா? அங்கீகரிக்கப்பட்ட மதிப்பீட்டாளரின் அறிக்கையைப் பெற்றுத்தான் குறைந்தபட்ச விலையை வைத்தார்களா? அடமானம் வைத்தது விவசாய நிலமா? விவசாய நிலத்துக்கு இந்தச் சட்டம் பொருந்தாது. ஆனால் அங்கே உண்மையில் விவசாயம் நடக்கிறது என்பதைக் காட்ட வேண்டும். வங்கியின் நடவடிக்கை சட்டப்படி இல்லை என்று முடிவானால், சொத்தைத் திருப்பித் தரவும் இழப்பீடு வழங்கவும் உத்தரவிட முடியும்.

சிவில் கோர்ட்டில் தடையாணை வாங்கிவிடலாம் என்று நம்பி நாட்களைக் கரைக்காதீர்கள். 34-ஆம் பிரிவு அந்த வழியை அடைத்திருக்கிறது. மோசடிக் குற்றச்சாட்டு போன்ற குறுகிய விலக்குகளை மட்டும் 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. தீர்ப்பாயம் இருக்கும்போது உயர் நீதிமன்றங்கள் ரிட் மனுவைச் சாதாரணமாக ஏற்கக் கூடாது என்று 2010-இல் அதே நீதிமன்றம் எச்சரித்தது. தீர்ப்பாயத்தில் தோற்றால் 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். கடன் வாங்கியவர் அதற்குக் கடன் தொகையில் பாதியைக் கட்ட வேண்டும். மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் விரும்பினால் அதைக் கால் பங்குவரை குறைக்கலாம்.

இன்னொரு கெடுவையும் மறக்க வேண்டாம். முழு நிலுவையையும் செலவையும் கட்டிச் சொத்தை மீட்கும் உரிமை முன்பு விற்பனை முடியும்வரை இருந்தது. 2016-இல் சட்டம் திருத்தப்பட்டது. ஏல அறிவிப்பு வெளியானதுமே அந்த உரிமை போய்விடும் என்று 2023-இல் பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஆகவே முதல் நோட்டீஸ் வந்த வாரமே கடன் ஒப்பந்தம், கணக்கு அறிக்கை, தபால் உறைகளை எடுத்துக்கொண்டு, தீர்ப்பாயத்தில் வழக்காடும் வக்கீலைப் பாருங்கள்.