மூலிகையும் தபாலும்: ஈவ் ரோசே கண்ட கைத்தொழில்

பூவையும் வேரையும் அரைத்துப் பூசி மேனியைப் பேணுதல் மனித குலத்தின் தொன்மையான வழக்கங்களுள் ஒன்று. ஆயினும், இருபதாம் நூற்றாண்டில் இரசாயன ஆய்வுகூடங்கள் பெருகவே, மூலிகை பழமையின் சின்னமெனப் பலராலும் ஒதுக்கப்படலாயிற்று. அக்காலத்தில் தாவரங்களையே முதலாகக் கொண்டு அழகுப் பொருட் கைத்தொழிலொன்றை நிறுவியவர் பிரான்சு தேசத்து ஈவ் ரோசே ஆவார். அவர் வெற்றிக்கு மூலிகை மட்டுமே காரணமோ என்பது ஆராயத்தக்கது.

பிரான்சின் மேற்கேயுள்ள பிறிற்றனிப் பகுதியில், லா கசிலி என்னும் சிற்றூரில் 1930ஆம் ஆண்டு அவர் பிறந்தார். பதினான்காம் வயதிலே தந்தையை இழந்து, தாயாருக்குத் துணையாகக் குடும்பக் கடையில் உழைத்தார். இரண்டாம் உலகப் போரின் பின்னர் அவ்வூர் இளைஞர் பிழைப்புத் தேடி நகரங்களுக்குப் பெயர்ந்து சென்றனர். ஊர் வெறுமையாவதைத் தடுப்பது எங்ஙனம் என்பதே அவர் உள்ளத்தை உறுத்திய வினா.

உள்ளூர் வைத்தியப் பெண்ணொருவர் வழங்கிய களிம்பு முறையொன்று அவருக்குத் தொடக்கமாயிற்று. பிக்கேர் என்னும் சிறு செடியே அதன் மூலப்பொருள். ஈரநிலத்தில் வளர்ந்து இளவேனிலின் தொடக்கத்திலே மஞ்சட்பூப் பூக்கும் இச்செடியின் கிழங்குகள் மூலநோயின் முளைகளை ஒத்திருத்தலால், அந்நோய்க்கு அதுவே மருந்தென முன்னோர் கருதினர். உருவ ஒப்புமை மருத்துவச் சான்றாகாது. அன்றியும், பச்சைச் செடியின் சாறு தோலைப் புண்படுத்த வல்லது. உலர்த்தும்போது அந்நச்சுத்தன்மை பெரிதும் நீங்குகின்றது. எனவே, இயற்கைப் பொருள் யாவும் தீங்கற்றவை எனக் கொள்ளுதல் தவறு. பதப்படுத்தும் அறிவே அவற்றைப் பயன்படச் செய்கின்றது.

களிம்பு கிடைத்தது, வாங்குவோர் எங்கே? சிற்றூரிற் கொள்வோர் சிலரே. நகரிற் கடை வைக்கவோ பெருமுதல் வேண்டும். ரோசே சஞ்சிகையொன்றில் விளம்பரஞ் செய்து, தபால்மூலம் பொருளை அனுப்பலானார். இடைத்தரகர் இன்மையால் விலை குறைந்தது. சாதாரண குடும்பப் பெண்களும் வாங்க முடிந்தது. 1959ஆம் ஆண்டு அவரது நிறுவனம் உருவாயிற்று. பாரிசு நகரில் முதற்கடை திறக்கப்பட்டது 1969ஆம் ஆண்டிலேதான். அதற்குள் வளர்ந்த தொழில் பிறந்த ஊரிலேயே வேலை வாய்ப்பை அளித்தது. மக்களும் அவரை 1962ஆம் ஆண்டு ஊரின் மேயராகத் தெரிந்தெடுத்தனர். 2008ஆம் ஆண்டுவரை அப்பதவியை அவர் வகித்தார்.

அழகுப் பொருட்களை விலங்குகளிற் சோதித்துப் பார்க்கும் வழக்கத்தை அந்நிறுவனம் 1989ஆம் ஆண்டு கைவிட்டமையும் குறிப்பிடத்தக்கது. அவ்வாறு சோதிக்கப்பட்ட பொருட்களின் விற்பனையை ஐரோப்பிய ஒன்றியம் முற்றாகத் தடைசெய்தது 2013ஆம் ஆண்டிலேயே என்பதை நோக்குமிடத்து, இதன் முன்னோக்குப் புலனாகும்.

ரோசே 2009ஆம் ஆண்டு டிசெம்பர் மாதம் மறைந்தார். பிக்கேர்ச் செடி அவர் பிறக்குமுன்னரும் அவ்வூரிற் பூத்தது. வைத்தியப் பெண்களும் அதனை அறிந்திருந்தனர். அவ்வறிவைத் தொலைவிலுள்ளோரிடம் சேர்க்கும் வழியைக் கண்டதே அவர் செய்த புதுமை. ஊரில் வளம் இல்லையென்று வெளியேறுமுன், அவ்வளம் வெளியே செல்லும் வழி அடைபட்டிருக்கின்றதா என்று வினவுதல் மாணவர்க்கு நன்று.