மழலைக்கு மறுமொழி

ஜொகூரில் வளரும் தமிழ்க் குழந்தையின் காதில் தமிழ், மலாய், ஆங்கிலம், மாண்டரின் எனப் பல மொழிகள் விழுகின்றன. அவற்றுள் எந்த மொழி அதன் நாவில் நிலைக்கும்?

குழந்தை இரண்டு மாதமளவில் ‘ஆ’, ‘ஊ’ என ஒலி எழுப்பும். ஏறத்தாழ ஏழாம் மாதத்தில் ‘பாபாபா’, ‘மாமாமா’ என அசைகளை அடுக்கும். இதழ்கள் சேர்ந்து பிரிந்தாலே இவ்வொலிகள் பிறப்பதால் இவை எளிதில் வருகின்றன. ஓராண்டு நிறையும் வேளையில் பொருளுள்ள முதற்சொல் வரும். இரண்டு வயதுக்குள் ‘அம்மா வா’ என இரு சொற்கள் இணையும்.

நாவுக்கு முன்பே செவி மொழியைப் பழகிவிடுகிறது. 1984ஆம் ஆண்டு கனடாவில் ஜேனட் வெர்க்கர், ரிச்சர்ட் டீஸ் ஆகிய இருவரும் ஓர் ஆய்வை வெளியிட்டனர். ஆங்கிலச் சூழலில் வளர்ந்த ஆறு முதல் எட்டு மாதக் குழந்தைகள், இந்தி மொழியின் ‘த’, ‘ட’ ஒலிகளை வேறுபடுத்தி அறிந்தன. ஓராண்டு நெருங்கியபோது அத்திறன் மங்கியது. இந்தி கேட்டு வளர்ந்த குழந்தைகளிடமோ அது நிலைத்தது. தமிழில் ‘பத்து’, ‘பட்டு’ எனும் சொற்களை வேறுபடுத்துவனவும் இத்தகைய ஒலிகளே.

2003இல் அமெரிக்காவில் வெளிவந்த ஆய்வில், ஆங்கிலச் சூழலில் வளர்ந்த ஒன்பது மாதக் குழந்தைகள், நேரில் பேசி விளையாடியவரிடமிருந்து மாண்டரின் ஒலிகளைக் கற்றன. அதையே தொலைக்காட்சியில் பார்த்த குழந்தைகள் கற்கவில்லை.

பல மொழிகளைக் கேட்பது குழந்தைக்குத் தடையன்று. ஆனால், தமிழை அது பெரும்பாலும் வீட்டில்தான் கேட்க முடியும். எனவே, தம்பி தங்கையர் மழலை பேசும்போது கைப்பேசியைக் கொடுக்காமல், அவர்கள் முகம் பார்த்துத் தமிழில் மறுமொழி கூறுவோம்.