கொள்கை, சித்தாந்தம், கருத்தியல்... மூணும் ஒண்ணா? ஆலங்குளத்தை வைத்துப் புரிந்துகொள்வோம்!

தென்காசி மாவட்டம் ஆலங்குளம் தொகுதியில் 2021-ல் இரட்டை இலைச் சின்னத்தில் ஜெயித்தவர் பி.எச்.மனோஜ் பாண்டியன். 2022-ல் அ.தி.மு.க-விலிருந்து நீக்கப்பட்ட அவர், 2025 நவம்பரில் தி.மு.க-வில் சேர்ந்தார். எம்.எல்.ஏ பதவியையும் ராஜினாமா செய்தார்.

ஆலங்குளத்துக்கு இது புதுசு இல்லை. 1977-ல் அ.தி.மு.க எம்.பி-யாக இருந்த ஆலடி அருணா, 1996-ல் இதே தொகுதியில் தி.மு.க சார்பில் ஜெயித்து சட்ட அமைச்சர் ஆனார்.

யார் கட்சி மாறினாலும் டீக்கடையில் எழும் கேள்வி ஒன்றுதான்: "அப்போ கொள்கை என்னாச்சு?"

எந்தக் கொள்கை?

'கொள்' என்ற வினையிலிருந்து வந்த சொல் இது. ஒருவர் மனதில் கொண்டிருப்பதுதான் கொள்கை. ஆனால், பேச்சில் இது மூன்று வேலை பார்க்கிறது.

* "கடன் வாங்கக் கூடாதுங்கிறது என் கொள்கை": தனிமனித நெறி.
* "இது அரசின் கொள்கை முடிவு": நிர்வாகத் திட்டம். கல்விக் கொள்கை, தொழிற்கொள்கை எல்லாம் இந்த ரகம்.
* "கொள்கை பரப்புச் செயலாளர்": கட்சியின் அடிப்படை நம்பிக்கை. ஆங்கிலத்தில் 'ஐடியாலஜி'.

அப்போ சித்தாந்தம்?

வடமொழியிலிருந்து வந்த இதற்கு, 'ஆராய்ந்து நிறுவிய முடிவு' என்று பொருள். 13-ம் நூற்றாண்டில் மெய்கண்டார் 'சிவஞான போதம்' தந்த சைவ சித்தாந்தம் நமக்குத் தெரிந்த உதாரணம். சமயத்தில் புழங்கிய சொல்லை இன்று அரசியல் மேடையும் எடுத்துக்கொண்டது.

'கருத்தியல்' கட்டுரைகளிலும் கல்லூரிகளிலும் அதிகம் புழங்குவது. 'ஐடியாலஜி' என்ற சொல்லை 1796-ல் உருவாக்கியவர் பிரெஞ்சு அறிஞர் டெஸ்டட் டி ட்ரேசி. கருத்துகளை ஆராயும் அறிவியல் என்பதே அவர் சொன்ன அர்த்தம். நெப்போலியன்தான் அதைக் கிண்டல் வார்த்தையாக்கினார். "நடைமுறை தெரியாம சித்தாந்தம் பேசாதீங்க" என்று நாம் சொல்வதும் அதே தொனிதான்!

சட்டம் என்ன சொல்கிறது?

1985-ல் வந்த கட்சித் தாவல் தடைச் சட்டம், உறுப்பினர் தானாகக் கட்சியை விட்டாரா, கொறடா உத்தரவை மீறி வாக்களித்தாரா என்றுதான் பார்க்கும். கொள்கையை விட்டாரா என்று அது கேட்பதில்லை. கேட்க வேண்டியது வாக்காளர்தான்.

ஏன் முக்கியம்?

2024 அக்டோபரில் விக்கிரவாண்டி மாநாட்டில் த.வெ.க தலைவர் விஜய் 'கொள்கை எதிரி', 'அரசியல் எதிரி' என்று பிரித்துப் பேசினார். கூட்டணி, தொகுதி, போட்டி ஒரு பக்கம். அடிப்படை நம்பிக்கை இன்னொரு பக்கம். தேர்தலுக்குத் தேர்தல் கூட்டணி மாறலாம். அடிப்படை நம்பிக்கை மாறினால், ஓட்டுப் போட்டவருக்குக் காரணம் சொல்லியாக வேண்டும்.

அடுத்த முறை ஒரு தலைவர் "கொள்கைக்காக" என்றால், மூன்றில் எந்த அர்த்தத்தில் சொல்கிறார் என்று பாருங்கள். சாதி, மொழி, மாநில உரிமை போன்றவற்றில் நேற்றைய பேச்சையும் இன்றைய பேச்சையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மாறியது கட்சி மட்டுமா, கொள்கையுமா என்பது புரிந்துவிடும்.